ஒலிப்பை செஞ்ச கதை

ரெண்டு வருசமா ஒரு அறிவியல் கதைக்காக ஒரே ஒரு உறுப்பு செஞ்சிட்டிருந்தேன். வேற கிரகத்து உயிர், அதோட மூளைக்குள்ளயே இருக்கு, சத்தத்த கேக்கறதும் அதுதான், கேட்டத சேத்து வச்சுக்கறதும் அதுதான். பேரு ஒலிப்பை. இப்படி ஏதாவது கற்பனை பண்ணி எழுத நெனைக்கிறவங்களுக்கு ஆகும்னு நான் எங்கெங்க முட்டிகிட்டு நின்னேன்னு சொல்றேன்.

எல்லாம் அப்பா காதுல ஆரம்பிச்சது. சேலம் செவ்வாப்பேட்டையில வெள்ளிப் பட்டறை வேலை, முப்பத்தஞ்சு வருசம், சுத்தியல் சத்தமும் கம்பி இழுக்குற மெஷின் சத்தமும்தான். ஒருநாள் கொலுச கையில எடுத்து ஆட்டிட்டு "இது ஏன்டா சத்தமே போடல"ன்னாரு. எனக்கு நல்லாவே கேட்டுச்சு. எந்தச் சத்தம் எவ்வளவு கேக்குதுன்னு கோடு போட்டுக் காட்டுற ஆடியோகிராம் எடுத்துப் பாத்தா, கோடு ஓரளவு நேரா வந்துட்டு 4,000 ஹெர்ட்ஸ் கிட்ட, அதாவது கீச்சு சத்தம் பக்கம், பள்ளமா எறங்குது, எரைச்சல்ல வேலை செஞ்சவங்களுக்கு மொதல்ல அடி விழுறது அங்கதானாம். காதுக்குள்ள காக்ளியான்னு நத்தக்கூடு மாதிரி ரெண்டரை சுத்து, வாசல் பக்கம் கீச்சு சத்தத்துக்கு, உள்ள நுனிக்குப் போகப்போக கனத்த சத்தத்துக்கு. அதுல சத்தத்த புடிக்கிற மயிர் செல்லு செத்துட்டா மனுசனுக்குத் திரும்ப வராது. கோழிக்கு வருது, நமக்கு வராது. அன்னிக்கு ராத்திரிதான் கேட்ட சத்தம் எதையும் விடாத ஒரு உயிர எழுதணும்னு தோணுச்சு.

மொத தடவ தரையில நடக்குற உயிரா எழுதி, ஒலிப்பைய மூளைக்கு நடுவுல வச்சுட்டேன். ஆறு மாசம் கழிச்சுதான் தப்பு புரிஞ்சது. காத்துல வர்ற சத்தம் தண்ணியில மோதினா ஆயிரத்துல ஒரு பங்குதான் உள்ள போகும், மிச்சம் திரும்பிடும், மூளையோ கிட்டத்தட்ட தண்ணிதான். நம்ம செவிப்பறையும் மூணு குட்டி எலும்பும் இருக்கறதே இந்த நஷ்டத்த ஈடுகட்டத்தான். யோசிச்சப்ப சின்ன வயசுல கெணத்துல குளிச்சது ஞாபகம் வந்துச்சு, ஒருத்தன் தண்ணிக்குள்ள ரெண்டு கல்ல தட்டுவான், முங்கியிருக்குற எல்லாருக்கும் மண்டைக்குள்ளயே 'டிக்'னு கேக்கும், ஆனா எந்தப் பக்கம் தட்டுறான்னு சொல்ல முடியாது. காத்துல சத்தம் நொடிக்கு 340 மீட்டர் சொச்சம், தண்ணியில 1,480 கிட்ட, அதனால ரெண்டு காதுக்கும் நடுவுல இருக்குற நேர வித்தியாசம் சுருங்கிப்போயிடுது. டால்பினுக்கு கீழ்த்தாடைக் கொழுப்பு வழியாத்தான் சத்தம் உள்ள போகுது. அவ்வளவுதான், என் உயிர தூக்கிக் கடல்ல போட்டேன், தாடையில கொழுப்பு வச்சேன், தெச தெரியணும்னு தலைய ரெண்டு மொழம் அகலமாக்கினேன்.

சேத்து வைக்கிறது இன்னும் கஷ்டம். எடிசன் 1877-ல தகரத்தாள்ல சத்தத்த கோடா கீறிப் பதிஞ்ச மாதிரி கீறலாம்னு பாத்தேன். ஆனா கேக்கற உறுப்பும் சேக்கற உறுப்பும் ஒண்ணா இருந்தா, பழச ஓட்டுறப்ப புதுச கேக்காது, ஓட்டுற சத்தத்தையே அது திரும்பப் பதிஞ்சுக்கும். நமக்கு காது வேற ஞாபகம் வேற, அதோட நாம ஒவ்வொரு தடவ நெனைக்கிறப்பவும் ஞாபகம் கொஞ்சம் மாறிப்போகுது. என் உயிருக்கு அது கூடாது. கடைசியில உயிரோட இருக்குற மேல் அடுக்கு கேக்கும், கீழ உப்பு மாதிரி இறுகின அடுக்கெல்லாம் வச்சிருக்கும்னு பிரிச்சேன்.

ஆனா பை ரொம்பிட்டா? இதுல எட்டு மாசம் நின்னுட்டேன்.

போன தை மாசம் அப்பாவ கூட்டிட்டு ஏற்காடு போனேன். இருபது கொண்டை ஊசி வளைவு ஏறுறதுக்குள்ள "காது அடைச்சிருச்சு"ன்னாரு, எச்சி முழுங்கச் சொன்னேன். பகோடா பாயிண்ட்ல பனி மூடி ஒண்ணும் தெரியல, சும்மா உக்காந்திருந்தோம். உங்க அப்பா குரல் ஞாபகம் இருக்காப்பான்னு கேட்டேன். கொஞ்ச நேரம் கழிச்சு சொன்னாரு, "பேச்சு ஒண்ணும் ஞாபகம் இல்ல சாமி. இருமுறதும், சுத்தியல் போடுறதும் மட்டும் 'தொம் தொம்'னு மண்டைக்குள்ள கேக்குது."

அங்கயே முடிஞ்சிருச்சு. ஒலிப்பையில மேல அடுக்கு சேரச் சேர கீழ இருக்கறது நசுங்கும், நசுங்கறப்ப கீச்சு சத்தம் மொதல்ல போகும், கனத்தது கடைசி வரைக்கும் நிக்கும். அதனால அந்த உயிரோட பழைய ஞாபகம் எல்லாம் வெறும் முனகலா, அலை அடிக்கிற மாதிரி இருக்கும், அம்மாவோட குரல்ல வார்த்த போயி அதிர்வு மட்டும் மிச்சம். பஸ் டிக்கெட்டுக்குப் பின்னால கிறுக்கிட்டு எறங்கினேன். ஒண்ணையும் விடாத உயிர்னு ஆரம்பிச்சத விட்டுக்குடுக்க மொதல்ல மனசு வரல, ஆனா இதுதான் சரின்னு தெரிஞ்சது.

ஒன்பது பக்கத்துல கதைய முடிச்சேன். அப்பாவோட எடது காதுப் பக்கம் உக்காந்து மெதுவா, கனத்த குரல்ல வாசிச்சேன். முழுசா கேட்டாரு. அப்புறம், "அது செத்துப்போனா உள்ள இருக்குற சத்தமெல்லாம் என்னடா ஆவும்?"ன்னாரு. அத நான் யோசிக்கவே இல்ல. கடல்ல கரையுதா, இல்ல அதோட புள்ள தாடைய வச்சு அழுத்தினா அந்த இறுகின அடுக்குல இருந்து கேக்குமா. பத்தாவது பக்கம் இப்ப எழுதிட்டிருக்கேன், புள்ள தாடைய வைக்கிற எடத்துல நிக்குது.