ஒகேனக்கல் போயும் அந்த மீன பாக்கல

எல்லாரும் ஒகேனக்கல்லுக்கு குளிக்க போவாங்க, நான் போனது ஒரு மீனுக்காக. ஹம்ப்பேக் மஹ்சீர். முதுகு காளை திமில் மாதிரி தூக்கி நிக்கும், வாலும் செட்டையும் ஆரஞ்சா செவந்திருக்கும், ஒலகத்துலயே காவிரிலயும் அதுல வந்து சேர்ற ஆறுங்கள்லயும் மட்டும்தான் உண்டு. இப்ப காவிரில அனேகமா இல்லன்னே ஆயிடுச்சு, மாயாறு பக்கம் காட்டுக்குள்ள கொஞ்சம் மிச்சம், அங்க நம்மள விடமாட்டாங்க, அதான் இங்க வந்தேன்.

1946ல கபினில ஒருத்தர் தூண்டில்ல புடிச்சது 54 கிலோ! இவ்ளோ பெரிய மீனுக்கு ஒழுங்கா ஒரு அறிவியல் பேரு 2018 வரைக்கும் கெடையாதுங்கறதத்தான் என்னால நம்பவே முடியல. கேரளா பாம்பாறுல (அதுவும் அமராவதில கலந்து காவிரிக்குத்தான் வருது) கெடச்ச சின்ன மீனுங்களுக்கு 2007ல டோர் ரெமாதேவின்னு பேரு வச்சிருந்தாங்க, மாயாறு மீனோட டிஎன்ஏவ ஒப்பிட்டு பாத்தப்புறம்தான் ரெண்டும் ஒண்ணுதான்னு புரிஞ்சுது, அதே 2018லயே அழியற நெலமைல இருக்கற லிஸ்ட்லயும் சேத்துட்டாங்க. பேரு வச்ச கையோட சீட்டையும் கிழிச்ச மாதிரி.

பரிசல்காரருக்கு அம்பது வயசுக்கு மேல இருக்கும். "அண்ணா, இங்க வால் செவப்பா, முதுகு தூக்கலா ஒரு மீன்..."னு ஆரம்பிச்சதுமே துடுப்ப மடில வச்சுட்டாரு. பரிசலோட இந்த விளிம்புலேந்து கிட்டத்தட்ட அந்த விளிம்பு வரைக்கும் கைய நீட்டி காமிச்சாரு. "சின்ன பையன்ல ரெண்டு தடவ பாத்துருக்கேன் சார். அப்புறம் தண்ணில வெடி தோட்டா போட்டே காலி பண்ணிட்டானுங்க. ஆனா இப்பவும் பெருசு மாட்டுது சார், இருங்க"ன்னு ஈரக்கைய துண்டுல தொடச்சுட்டு போன எடுத்து ஒரு போட்டோவ காமிச்சாரு.

மஹ்சீர்தான். நல்ல பெருசு. பெருசு பண்ணி பாத்தேன், செதில் ஒவ்வொண்ணும் அஞ்சு ரூவா காசு சைஸ், ஆனா முதுகு சப்பை, செட்டை நீலம் கலந்த சாம்பல். இது கிருஷ்ணா ஆத்துப் பக்கத்து மீன், நீலச்செட்டை மஹ்சீர். மஹ்சீர காப்பாத்தறோம்னு குஞ்சு பொரிக்க வச்சு வருஷக்கணக்கா காவிரில விட்டதுல அது பெருகி, இங்கயே பொறந்தத ஓரங்கட்டிடுச்சு. கெட்ட எண்ணம்லாம் ஒண்ணும் இல்ல, ஆத்துல மஹ்சீர் நெறைய இருக்குன்னு எல்லாரும் சந்தோஷமா இருந்தப்ப அது எந்த மஹ்சீர்னு யாரும் உத்து பாக்கல, அவ்ளோதான். அண்ணன்கிட்ட இத சொல்ல மனசு வரல, "சூப்பர் மீன்ணா"ன்னு போன திருப்பி குடுத்துட்டேன்.

கரையேறுனா வரிசையா மீன் கடை. மசாலா தடவி அடுக்கி வச்சிருந்தது கட்லா, ரோகு, ஜிலேபி. மொதல் ரெண்டும் வடக்கத்தி, ஜிலேபி ஆப்பிரிக்கா.

"அக்கா, இதுல காவிரி மீன் எதுக்கா?"

"எல்லாமே காவிரி மீன்தாங்க, காலைல புடிச்சது."

ரெண்டு ஜிலேபி வாங்கிட்டு படில ஒக்காந்தேன். முள்ளு ஜாஸ்தி.