ஜெனரேட்டர் லொறியின் இலக்கம்

படப்பிடிப்புகளுக்கு வாகனமும் இடமும் ஒழுங்கு செய்வது என் தொழில். போன மாதம் திருகோணமலையில் வேலை. 11 வாகனங்கள், 60 பேர், உப்புவெளியில் தங்கல். முதல் நாள் நிலாவெளிக் கரையில் பகல் வெளிச்சத்திலேயே பிசகில்லாமல் முடிந்தது. இரண்டாம் நாள்தான் இன்னும் மனதை அறுக்கிறது.

அன்றைய இடம் காவலர் நிற்கும் வாயிலைத் தாண்டி உள்ளே. அனுமதிக் கடிதத்தோடு வாகனப் பட்டியலும் வேண்டும்: வாகன இலக்கம், சாரதி பெயர், அடையாள அட்டை இலக்கம். திருகோணமலையில் அனுமதி கொடுக்கும் அலுவலகத்தில் பட்டியலை வாங்கி வைத்த கிளாக்கர் "வியாழன் வாங்க" என்றார். கொழும்பிலிருந்து இரவு பஸ் ஏறி வியாழன் காலை போய் நின்றால் போயா தினம், பௌர்ணமி விடுமுறை, அலுவலகம் பூட்டு. 250 கிலோமீற்றருக்கு மேல் வந்தது வீண். அவர் சொல்லியிருக்கலாம். நானும் கலண்டரைப் பார்த்திருக்க வேண்டும். அடுத்த நடையில் கடிதம் கிடைத்தது.

ஜெனரேட்டர் லொறி ஒரு நாள் பிந்தித்தான் கொழும்பில் இருந்து புறப்பட்டது. ஹபரணைக்கும் கந்தளாய்க்கும் இடையில் இரவில் யானை இறங்கும்; பாரமான வண்டியை அந்த நேரம் நான் விடுவதில்லை, ஹபரணையில் நிறுத்தி விடியப் புறப்படச் சொல்வேன். அன்று ஹபரணையிலேயே கியர்பொக்ஸ் போய்விட்டது. செய்தி வரும்போது இரவு 9 மணி.

கல்யாண வீட்டு ஜெனரேட்டர் எங்கும் கிடைக்கும், ஆனால் அதன் இரைச்சலில் வசனம் ஒன்றும் பதிவாகாது. சத்தம் அடக்கிய மெஷின் கிண்ணியாவில் ஒரு நானாவிடம் இருந்தது. விடியற்காலை 4 மணிக்கே புறப்பட்டு வந்தார். 2009இல் பாலம் திறக்கும் வரை அங்கே லொறியைப் பாதையில், அதாவது மிதவைப் படகில், ஏற்றித்தான் நீரைக் கடக்க வேண்டும். அந்தக் காலமென்றால் இந்த நேரத்துக்கு வந்திருக்க முடியாது என்றார்.

வாயிலில் 5.30க்கு மறித்தார்கள். லொறி இலக்கம் பட்டியலில் இல்லை. காவலரில் பிழையில்லை, மரியாதையாகத்தான் சொன்னார். அலுவலகம் திறந்ததும் ஓடினேன். கிளாக்கர் லீவு. பக்கத்து மேசையில் இருந்தவர் தலையைத் தூக்காமலே, "அந்த ஃபைல் அவரிட்ட, திங்கள் வாங்க" என்றார். 60 பேர் மரத்தடியில் குந்தியிருக்கிறார்கள், எனக்குத் திங்கட்கிழமையாம்! நகரமாட்டேன் என்று வாங்கிலேயே இருந்தேன். 10.40க்குக் கூட்டம் முடிந்து வந்த பெரியவர் கடிதத்தை வாசித்து, புது இலக்கத்தைக் கையால் எழுதி, ஒப்பமிட்டு முத்திரை குத்தினார். மூன்று நிமிட வேலை.

காலை வெளிச்சம் போய்விட்டது. அந்தக் காட்சியை மறுநாள் விடிய எடுத்தோம்.

இந்த வேலைக்கு வருகிறவர்களுக்குச் சொல்கிறேன்: வாடகைக்கு எடுக்காவிட்டாலும் உள்ளூர் லொறி ஒன்றையும் அதன் சாரதியையும் மாற்று வாகனமென்று பட்டியலில் போட்டுவிடுங்கள். கடிதம் தமிழிலும் சிங்களத்திலும் இருக்கட்டும். கொடுக்கும் இடத்தில் ஒரு மொழி, வாயிலில் இன்னொன்று. ஒவ்வொரு பக்கத்திலும் முத்திரை கேளுங்கள். ட்ரோன் பறக்கவிடுவதென்றால் அந்த அனுமதியைத்தான் முதலில் தொடங்க வேண்டும். சீனன்குடா விமானத்தளம் பக்கத்தில். ஒக்டோபருக்குப் பிறகு வடகீழ்ப் பருவமழை வந்துவிடும், கடற்கரைக் காட்சிகளை அதற்கு முன்னரே முடியுங்கள்.

நானா அரை நாள் சும்மா நின்றார் என்று தயாரிப்புப் பக்கத்தில் கூலியைக் குறைக்கப் பார்த்தார்கள். விடவில்லை. முழுக் கூலியும் பட்டாவும் (அன்றாடப் படிக்காசு) வாங்கிக் கொடுத்தேன். ஊர் போய்ச் சேர்ந்ததும் அழைத்தார்: "தம்பி, அடுத்த முறை வாற நேரம் என்ட நம்பரையும் முதலே போட்டு வைங்க."