ஐசர் ஆற்றங்கரையில் ஒரு மன்னர்

அக்டோபர் 24, வெள்ளி

1914 ஆகஸ்ட் 2, மாலை 7 மணி. முதல் உலகப் போர் தொடங்கிய நேரம். படைக்கு வழி விடு, மறுத்தால் பகை என்று பெல்ஜியத்துக்கு ஜெர்மனி கெடு வைத்தது. பதில் சொல்ல 12 மணி நேரம். பிரான்ஸைத் தாக்கப் போகிறவர்களுக்கு பெல்ஜியம் நடுவில் கிடக்கும் பாதை, அவ்வளவுதான். அதன் நடுநிலைக்கு 1839 லண்டன் ஒப்பந்தத்தில் உறுதி தந்த நாடுகளில், பின்னால் ஜெர்மனியை உருவாக்கிய பிரஷ்யாவும் ஒன்று! மன்னர் முதலாம் ஆல்பர்ட்டின் தாய் ஜெர்மானியர், அரசி எலிசபெத் பவேரியாவில் பிறந்தவர். அப்படியிருந்தும் விடியும்போது மன்னரும் அமைச்சர்களும் முடியாது என்று சொல்லிவிட்டார்கள். படிக்கும்போதே நெஞ்சு படபடக்கிறது.

அக்டோபர் 25, சனி, நியூபோர்ட்

ஐசர் ஆறு கடலில் சேரும் இந்த பெல்ஜிய ஊரில் இன்று மதகுகளைப் பார்த்தேன். லியேஜ் கோட்டைகளும் தலைநகர் புரூசெல்ஸும் 1914 ஆகஸ்டிலேயே ஜெர்மானியர் கைக்குப் போய்விட்டன, அக்டோபரில் ஆன்ட்வெர்ப்பும் போனது. மிஞ்சியது ஐசர் ஆற்றுக்குப் பின்னால் ஒரு துண்டு நிலம். அங்கேயும் பெல்ஜியப் படையின் அணி உடையும் நிலை வந்தபோதுதான், எதிரியைத் தடுக்கக் கடலை உள்ளே விட முடிவானது. எந்த மதகு எந்தப் பக்கம் பாயும் என்று தெரிந்தவர்கள் தளபதிகள் அல்ல. வடிகால் கண்காணிப்பாளர் காரெல் கோகே, படகோட்டி ஹென்ட்ரிக் கேரார்ட் போன்ற உள்ளூர்க்காரர்கள். ரயில்பாதைக் கரைக்கு அடியில் இருந்த நீர்வழிகளை முதலில் அடைத்தார்கள். அப்புறம் அக்டோபர் 29 இரவு முதல் கடல் ஏறும்போது மதகைத் திறப்பது, வற்றும்போது மூடுவது. சில இரவுகளில் ரயில்பாதைக் கரைக்கும் ஆற்றுக்கும் நடுவே ஏரியே உருவாகிவிட்டது. ரயில்பாதையைத் தாண்டி ராம்ஸ்கபெல்லே ஊரைப் பிடித்திருந்த ஜெர்மானியர்கள் பின்வாங்கினார்கள். மூழ்கியதெல்லாம் சொந்த நாட்டு உழவர்களின் வயல்.

மதகுகளுக்குப் பக்கத்திலேயே ஆல்பர்ட்டின் குதிரைச் சிலை. சுற்றிலும் செங்கல் தூண்கள், இந்தச் சமவெளி மண்ணில் சுட்ட செங்கல்.

அக்டோபர் 26, ஞாயிறு, டெ பான்

அமைச்சரவை பிரான்ஸுக்குப் போய்விட்டது. ஆல்பர்ட் இந்தக் கடலோரத்திலேயே தங்கிப் படையை நடத்தினார். பெரிய தாக்குதல்களில் சேரும்படி நேச நாடுகள் நெருக்கியபோதெல்லாம், வீரர்களை வீணாகப் பலி கொடுக்க மறுத்தார். அந்த மறுப்புக்காகவே அவரை நான் மதிக்கிறேன். வீரம் என்று பேசும்போது இதை யாரும் பெரிதாகச் சொல்வதில்லை. 1918 செப்டம்பரில்தான் பெரிய தாக்குதலுக்குத் தலைமை ஏற்றார்.

அக்டோபர் 27, திங்கள்

ஒன்று மட்டும் உறுத்துகிறது. படைவீரர்களில் பெரும்பாலோர் டச்சு மொழி பேசும் பிளெமிஷ் மக்கள், கட்டளைகள் பிரெஞ்சில். 1918 நவம்பர் 22 அன்று புரூசெல்ஸ் திரும்பிய மன்னர், நாடாளுமன்றத்தில் மொழிச் சமத்துவம் பற்றிப் பேசினார். பெல்ஜியத்தின் கென்ட் பல்கலைக்கழகம் முழுமையாக அவர்கள் மொழிக்கு மாறியது 1930-இல். பதுங்குகுழியில் நான்கு வருடம் கிடந்தவர்களை இன்னும் 12 வருடம் காக்க வைத்தது அநியாயம்.