அயர்லாந்துக் கதைகளோடு ஒரு நவம்பர்

3 நவம்பர் 2024, ஞாயிறு, டப்ளின்

கிளேர் கீகனின் 'ஃபாஸ்டர்' குறுநாவலை ஒரே மூச்சில் படித்து முடித்தேன். 2010-இல் புத்தகமாக வந்தது. கதை நடப்பது 1981 கோடையில், வெக்ஸ்ஃபர்ட் பக்கத்துப் பண்ணை வீட்டில். அம்மாவுக்கு அடுத்த பிரசவம் நெருங்குகிறது, வீடு நிறையப் பிள்ளைகள். அதனால் ஒரு மகளைக் கொஞ்ச நாள் பார்த்துக்கொள்ளச் சொல்லி, பிள்ளையில்லாத கின்செல்லா தம்பதியிடம் கொண்டுவந்து விடுகிறார் அப்பா. போகிற அவசரத்தில் அவள் துணிமணிகளைக் காரிலேயே கொண்டுபோய்விடுகிறார்.

இரவில் சிறுமி படுக்கையை நனைத்துவிடுகிறாள். காலையில் அதைப் பார்த்த வீட்டம்மா திட்டவில்லை. 'பரவாயில்லை' என்றும் சொல்லவில்லை, அப்படிச் சொன்னால் தப்பு நடந்தது என்று ஆகிவிடுமே. பழைய மெத்தை என்றால் இப்படித்தான் ஈரம் கசியும், உன்னை இதில் படுக்கவைத்தேன் பார் என்று பழியை மெத்தைமேல் போடுகிறார். பிறகு இருவருமாக அதை வெளியே இழுத்து வந்து, கழுவி, வெயிலில் காயப்போடுகிறார்கள். அவ்வளவுதான். ஒரு பிள்ளையின் மானத்தைக் காப்பாற்ற இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

இதே பெண்மணிதான் முதல் நாளே, இந்த வீட்டில் ரகசியம் கிடையாது, ரகசியம் இருந்தால் அங்கே அவமானமும் இருக்கும் என்று சொன்னவர். ஆனால் ரகசியம் இருக்கிறது. இவர்களின் ஒரே மகன் இறந்துபோனதையும், சிறுமி போட்டுக்கொண்டு திரிந்தது அவன் உடைகள்தான் என்பதையும் ஒரு வம்புக்காரப் பக்கத்து வீட்டுக்காரி சொல்லித்தான் அவளுக்குத் தெரிகிறது. கடைசியில் அவள் கிணற்றில் தவறி விழுந்து சளியோடு சொந்த வீடு திரும்புகிறாள். என்ன நடந்தது என்று அம்மா துருவுகிறார். ஒன்றுமில்லை என்கிறாள். கின்செல்லா வீட்டார்மேல் ஒரு சொல் விழுந்துவிடக் கூடாது என்பதற்காக வாயை மூடிக்கொள்கிறாள். அவளை நான் பொய்க்காரி என்று சொல்ல மாட்டேன்.

5 நவம்பர், செவ்வாய்

இதன் திரைப்படத்தை மறுபடி பார்த்தேன். 2022-இல் ஐரிஷ் மொழியில் வந்து ஆஸ்கர் பரிந்துரை வரை போன படம். அழகான படம்தான். ஆனாலும் அதில் சிறுமிக்குப் பெயர் வைத்துவிட்டார்கள். புத்தகத்தில் அவளுக்குப் பெயரில்லை. எனக்கு அதுதான் பிடித்திருந்தது.

10 நவம்பர், ஞாயிறு

கீகனின் இன்னொரு புத்தகம், 'ஸ்மால் திங்ஸ் லைக் தீஸ்' (2021). கிலியன் மர்ஃபி நடித்த படம் இப்போது இங்கே திரையரங்குகளில் ஓடுகிறது. பார்த்துவிட்டு வந்த கையோடு புத்தகத்தையும் திரும்பப் படித்தேன்.

1985 கிறிஸ்துமஸ் நேரம், நியூ ராஸ் ஊர். பில் ஃபர்லாங் நிலக்கரி, விறகு விற்பவர். ஐந்து பெண் பிள்ளைகள். கன்னியர் மடத்துக்குச் சரக்கு இறக்கப் போன இடத்தில், நிலக்கரிக் கொட்டகைக்குள் அடைத்துப் போட்ட ஒரு பெண்ணைப் பார்க்கிறார். அவளுடைய கைக்குழந்தையை அவளிடமிருந்து பிரித்துவிட்டார்கள். மடத்துத் தலைவி அவருக்குத் தேநீர் கொடுத்து, கேக் கொடுத்து, கிறிஸ்துமஸ் பணம் வைத்த உறையையும் கையில் கொடுத்து அனுப்புகிறார்.

கொடுமைக்காரி என்று ஃபர்லாங்கின் மனைவி ஐலீனை என்னால் தள்ளிவிட முடியவில்லை. சிலதைக் கண்டும் காணாமல் போனால்தான் குடும்பம் ஓடும் என்கிறார். அவர்கள் மகள்கள் படிக்கிற பள்ளிக்கூடம் அந்த மடத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது, கன்னியர்களின் கை எங்கும் நீளும். எந்தத் தாயும் பயப்படத்தான் செய்வாள். ஊர் முழுக்க இப்படி ஒவ்வொரு வீடும் தன் பிள்ளைகளுக்காகப் பயந்ததால்தான், கன்னியர்கள் பெண்களை அடைத்துவைத்துக் கூலியில்லாமல் வேலை வாங்கிய மக்தலேன் சலவைக்கூடங்கள் அத்தனை காலம் நடந்தன. கடைசிக் கூடம் டப்ளினில் மூடப்பட்டது 1996-இல். பிரதமர் எண்டா கென்னி நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டது 2013-இல். போன வாரம் சிறுமி வாயை மூடியதை மெச்சி எழுதினேன். இங்கே ஒரு ஊரே வாயை மூடியிருக்கிறது. இரண்டையும் எழுதியது ஒரே கை என்பதுதான் கீகனிடம் எனக்கு இவ்வளவு மரியாதை வரக் காரணம்.

16 நவம்பர், சனி

ரயிலேறி என்னிஸ்கோர்த்தி போனேன். கொலம் டோபீனின் சொந்த ஊர். 'புரூக்ளின்' (2009), 'நோரா வெப்ஸ்டர்' (2014), இந்த வருஷம் வந்த 'லாங் ஐலண்ட்' என்று திரும்பத் திரும்ப இங்கேதான் வருகிறார். ஸ்லேனி ஆற்றுக்கு மேலே செங்குத்தான தெருக்கள், கோட்டை, தேவாலயம். எந்தச் சன்னலிலிருந்து பார்த்தாலும் தெருவில் போகிறவர் யார் என்று தெரிந்துவிடும் அளவுக்கு ஊர். துக்கம் விசாரிக்க வந்துகொண்டே இருப்பவர்களைப் பார்த்து நோரா ஏன் அப்படிச் சலித்துக்கொள்கிறாள் என்பது இங்கே நடந்தபோது நன்றாகப் புரிந்தது.

நோராவின் கணவர் ஆசிரியர், இறந்துவிட்டார். நான்கு பிள்ளைகள். டோபீனின் அப்பாவும் ஆசிரியர், இவருக்குப் பன்னிரண்டு வயதில் காலமானவர். அதனால்தானோ என்னவோ, அம்மாவைத் தியாகியாக வரையவில்லை. கணவர் சாகக் கிடந்த மாதங்களில் நோரா சின்னப் பையன்கள் இருவரையும் உறவினர் வீட்டில் விட்டுவிட்டாள், போய்ப் பார்க்கவும் இல்லை. அவர்களில் ஒருவனான டோனலுக்குத் திக்குவாய் வந்துவிடுகிறது. அது பற்றி அம்மாவும் பிள்ளையும் உட்கார்ந்து பேசுகிற காட்சி வரும் என்று யாரும் காத்திருக்க வேண்டாம். அவன் புகைப்படம் எடுக்கிறான், அவள் பாட்டுக் கற்றுக்கொள்கிறாள், ஒரே வீட்டில் இருக்கிறார்கள்.

23 நவம்பர், சனி

பெர்ட் புயல். வெளியே தலைகாட்ட முடியவில்லை. ஆன் என்ரைட்டின் 'தி கேதரிங்'. 2007 புக்கர் பரிசு.

ஹெகார்ட்டி வீட்டு அம்மா பெற்றது பன்னிரண்டு பிள்ளைகள். அதில் லியாம் கடலில் இறங்கி உயிரை விடுகிறான். அக்கா தங்கை அண்ணன் தம்பி எல்லாரும் இழவுக்குக் கூடுகிறார்கள். சிறுவயதில் பாட்டி வீட்டில் அவனுக்கு நடந்த கொடுமையை அவன் தங்கை வெரோனிகா பார்த்தவள், அல்லது பார்த்ததாக நினைப்பவள். என்ரைட்டுக்கு இப்படிப்பட்ட மௌனத்தின்மேல் எந்த அனுதாபமும் இல்லை, கோபம்தான். கருத்தடைச் சாதனங்கள் 1980 வரை சட்டப்படி விற்கவே முடியாத நாடு இது என்பதை வைத்துப் பார்த்தால், பெற்று ஓய்ந்துபோன அம்மாமேல் வெரோனிகாவுக்கு வரும் எரிச்சல் நியாயமா என்ற கேள்வி இன்னும் கடுமையாகிறது. அம்மாவைக் கவலைப்படுத்தாதீர்கள் என்று அந்த வீட்டில் எல்லாரும் எல்லாவற்றையும் மறைக்கிறார்கள். எனக்குத் தூக்கம் வரவில்லை.

29 நவம்பர், வெள்ளி

இன்று பொதுத் தேர்தல். விளக்குக் கம்பமெல்லாம் வேட்பாளர் முகம். சாலி ரூனியின் 'இன்டர்மெட்ஸோ' செப்டம்பரில்தான் வந்தது. அப்பா இறந்த பிறகு அண்ணன் பீட்டர், தம்பி ஐவன். ஒருவர் வழக்கறிஞர், மற்றவன் செஸ் ஆட்டக்காரன். இவர்கள் பேசுகிறார்கள், நிறையவே பேசுகிறார்கள். பேசி முடித்ததும் தம்பி அண்ணனின் எண்ணைக் கைப்பேசியில் முடக்கிவிடுகிறான்.

ஐவன் காதலிக்கும் மார்கரெட்டுக்கு 36 வயது, குடிகாரக் கணவனைப் பிரிந்து சிற்றூரில் இருக்கிறாள், ஊர் என்ன சொல்லும் என்று நடுங்குகிறாள். விவாகரத்துக்கான தடை 1995 வாக்கெடுப்பில் சுமார் 9,000 வாக்கு வித்தியாசத்தில் நீங்கிய நாடு. சட்டம் மாறி ஏறக்குறைய முப்பது வருஷம். அப்படியும் அவள் ஐவனோடு காரில் போகும்போது தெரிந்த முகம் ஏதும் தென்பட்டுவிடுமோ என்று பயப்படுகிறாள். பாதிதான் படித்திருக்கிறேன். அண்ணனும் தம்பியும் மறுபடி ஒரே அறையில் உட்காருவார்களா என்று தெரிய வேண்டும், இன்றைக்கே.