துளை போட்ட சீட்டு

பாரிஸ் லா ஷப்பேலில் ஈழத்தமிழர் கடையொன்றில் இடியப்பமும் சொதியும் முடித்துவிட்டு மெட்ரோ ஏறினால் நாலாவது நிறுத்தம் பெல்வில். அங்கே 72ஆம் இலக்கக் கட்டடத்தின் வாசற்படியில், 1915 டிசம்பர் 19 அன்று, கடும் வறுமையில் பாடகி எடித் பியாஃப் பிறந்ததாகக் கதவுக்கு மேலுள்ள கல்வெட்டு சொல்கிறது. பிறப்புப் பதிவிலோ பக்கத்து மருத்துவமனையின் பெயர். எனக்குப் படிக்கட்டுக் கதைதான் பிடித்தது. தெருவில் பாடிப் பிழைத்தவர் அல்லவா!

மதியம் மோன்பர்னாஸ் கல்லறைத் தோட்டம். பாடகர் செர்ஜ் கேன்ஸ்பூர் 1991 முதல் இங்கே பெற்றோருடன் உறங்குகிறார். பியாஃப் காதலில் உருகிக்கொண்டிருந்த 1958ல், இவர் மெட்ரோவில் நாள் முழுக்கச் சீட்டுக்குத் துளை போடும் ஊழியனைப் பாட்டுக்குள் கொண்டுவந்தார். ரயில் மாதிரி தடதடக்கும் தாளம். கடைசியில் தனக்கே ஒரு துளை போட்டுக்கொண்டால் என்ன என்று யோசிப்பான் அவன்.

அதனால்தான் கல்லறை முழுக்க மெட்ரோ சீட்டுகள். மழையில் ஊறி, வெயிலில் வெளுத்து, கூழாங்கல்லுக்கு அடியில் மடங்கிக் கிடந்தன. என்னிடம் இருந்ததோ பிளாஸ்டிக் அட்டை. விழித்துக்கொண்டு நின்றதைப் பார்த்த ஒரு அம்மா, எழுபது வயதிருக்கும், கைப்பையைத் துழாவிப் பழைய சீட்டு ஒன்றை நீட்டினார்.

என் அரைகுறை பிரெஞ்சில் பேச்சு வளர்ந்தது. அவருடைய பேத்தி, ஆயா நகமுரா என்ற பாடகியின் ரசிகையாம். "பாதி வார்த்தை புரியவில்லை," என்றார். மாலியில் பிறந்து பாரிஸ் புறநகரில் வளர்ந்த நகமுரா, தெருவழக்கைப் பிரெஞ்சோடு கலந்து பாடுபவர். 2024 ஒலிம்பிக் தொடக்கவிழாவில் பாடப்போகிறார் என்று செய்தி கசிந்ததற்கே அத்தனை எதிர்ப்பு. பாடியதோ, மொழியைக் காக்கும் பிரெஞ்சு அகாதெமி இருக்கும் கட்டடத்துக்கு எதிரே, குடியரசுக் காவல்படை வாத்தியக் குழுவோடு. தன் பாட்டோடு பாடகர் சார்ல் அஸ்னவூரின் பழைய பாட்டையும் கலந்தார். குறும்பு!

அஸ்னவூரும் குடியேறிகளின் பிள்ளைதான்; பெற்றோர் ஆர்மீனியர். ஆரம்பத்தில் அவர் குரலையும் குள்ளத்தையும் விமர்சகர்கள் கிழித்துத் தொங்கவிட்டார்கள். அந்தப் பெயரைச் சொன்னதும் அம்மா சிரித்தார். "அவர் குரல் கேட்டாலே என் மாமியார் ரேடியோவை அணைத்துவிடுவார்."

சீட்டை வைத்தேன். காற்றுக்குப் பறக்கும் என்று அவரே இன்னொரு கூழாங்கல்லைத் தேடி எடுத்து அதன் மேல் வைத்தார்.