கச்சானும் சிவனொளிபாதமலையும்

வைகாசி பிறந்தால் திருகோணமலையில் கச்சான் காற்று கிணற்றடி வரை புழுதியை அள்ளிவந்து கொட்டும். அதே காற்று மழையை உதறிவிட்டு வரும் இடங்களில் ஒன்றுதான் இலங்கையின் மலைநாட்டில் யாத்திரிகர்கள் ஏறும், 2,243 மீற்றர் உயரமான சிவனொளிபாதமலை. தென்மேல் பருவக்காற்று ஈரத்தை மலைநாட்டின் மேற்குச் சரிவுகளில் இறக்கிவிட்டு, வறண்ட காற்றாகவே நம் கரையை அடைகிறது. ஆகவே மலையேறும் பருவம் மார்கழிப் பௌர்ணமியில் தொடங்கி வைகாசிப் பௌர்ணமியோடு முடிகிறது. பருவம் முடிந்தபின் பாதையில் விளக்குகளும் இல்லை, தேநீர்க் கடைகளும் இல்லை.

இரத்தினபுரிப் பக்கத்துப் பாதை நீளமானது, கடினமானது. நான் அட்டன், மஸ்கெலியா வழியாக மலையடிவார ஊரான நல்லதண்ணியை அடைந்து, அதிகாலை இரண்டு மணிக்கு ஏறத் தொடங்கினேன். கடைசிப் பகுதியில் படிகள் செங்குத்தாகி, குளிர்ந்த இரும்புக் கைப்பிடியைப் பற்றி இழுத்தே ஏற வேண்டியிருந்தது. கடற்கரையில் வளர்ந்த என் முழங்கால்கள் இறங்கும்போதுதான் உண்மையில் முறையிட்டன. விடிந்ததும் மலையின் முக்கோண நிழல் மேற்கே முகில்களின்மேல் நீண்டு கிடந்தது. பலரும் கிழக்கையே பார்த்து நின்றதால் அதைத் தவறவிட்டார்கள்.