கம்பத்துக்கு ஒரு செம்புத் தண்ணீர்

கோட்டை மாரியம்மனுக்குக் கம்பம் நட்டாயிற்று என்று தெரிந்த மறுநாளே ஆத்தூரிலிருந்து அத்தை கிளம்பி வந்துவிட்டார். அப்பாவின் தங்கை. எழுபத்தொரு வயது. மாமா இறந்து பத்தொன்பது ஆண்டுகள் ஆகின்றன. விடியற்காலை நான்கரை மணிக்கே குளித்து, ஈரத் தலையை முடிந்துகொண்டு திண்ணையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஒரு சின்னப் பித்தளைச் செம்பு. “குடம் எடுத்துக்கொள்ளலாமே அத்தை, எல்லாரும் குடத்தில்தானே ஊற்றுவார்கள்?” என்றேன். “எனக்கு இது போதும் கண்ணு” என்றார். செம்பில் மஞ்சள் கரைத்த தண்ணீர், மேலே ஒரு கொத்து வேப்பிலை. அதை முந்தானையால் மூடிக்கொண்டே தெருவில் நடந்தார்.

ஆடியில் சேலம் வேறு ஊராகிவிடும். பேட்டைக்குப் பேட்டை மாரியம்மன், பேட்டைக்குப் பேட்டை பூச்சாட்டு. திருமணிமுத்தாற்றங்கரையில் இருக்கும் கோட்டை மாரி அவர்கள் எல்லாருக்கும் பெரியவள். அவளுக்குப் பூச்சாட்டிய பிறகு ஊரே மஞ்சள் துணிக்கு மாறிவிடும். சக்தி அழைப்பு, பொங்கல், மாவிளக்கு, உருளுதண்டம் என்று ஒவ்வொன்றாக வரும். எனக்கு அவை எல்லாவற்றையும் விடக் கம்பத்துக்குத் தண்ணீர் ஊற்றுகிற அந்த அதிகாலைதான் பிடிக்கும். ஒலிபெருக்கிகள் எழுந்திருக்காத நேரம். நூற்றுக்கணக்கான பெண்கள் நனைந்த புடவையோடு நிற்பார்கள். தண்ணீர் விழும் சத்தம் மட்டும் கேட்கும்.

மஞ்சள் பூசி வேப்பிலை சுற்றிய மரக்கம்பம். கொங்கு வட்டாரத்தில் அதை அம்மனின் கணவராகவே பாவிப்பார்கள். ஊற்றி ஊற்றி மஞ்சள் கரைந்து, கம்பத்தின் அடியில் சந்தன நிறத்தில் குட்டையாகத் தேங்கியிருந்தது. கம்பத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளும் கைகள், சின்னக் குழந்தையின் தலையில் அந்தத் தண்ணீரைத் தெளிக்கும் கைகள். வரிசை நகர்ந்து எங்கள் முறை நெருங்கியபோது பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது: “சுமங்கலிகள் முன்னால் வாருங்கள்.” யாரையும் குறிவைத்துச் சொன்னதாகத் தெரியவில்லை. யாரும் அத்தையைத் தள்ளவும் இல்லை. அவராகவே இரண்டடி பின்னால் போய்த் தூண் மறைவில் நின்றுகொண்டார். பத்தொன்பது ஆண்டுப் பழக்கம். தன் சொந்த மகளின் முகூர்த்தத்தின்போதும் அவர் அப்படித்தான் மண்டபத்துத் தூணுக்குப் பின்னால் நின்றார். அன்று எனக்கு இருபது வயது. கேட்க வாய் வரவில்லை. அந்தக் குற்ற உணர்ச்சி இன்னும் என்னிடம் இருக்கிறது.

நான் தமிழாசிரியை. வகுப்பில் பட்டினப்பாலை நடத்தும்போதெல்லாம் ஓரிடத்தில் குரல் தடுமாறும். கரிகாலன் பிறகு அழித்துவிட்ட பகைவர் ஊரின் பொதியிலில், அதாவது ஊர்ப் பொது அம்பலத்தில், ஒரு கந்து நிற்கிறது. கந்து என்றால் தெய்வம் உறையும் தூண். கொண்டி மகளிர் நீர்த்துறையில் மூழ்கி வந்து, அந்த இடத்தை மெழுகி, பூவிட்டு, அந்திப் பொழுதில் நந்தா விளக்கு ஏற்றுகிறார்கள். ஊரும் வெளியூர்க்காரர்களும் வந்து தொழுகிறார்கள். மெழுகுவதும் விளக்கு ஏற்றுவதும் பெண்கள் கை. ஏறக்குறைய 1,800 ஆண்டுகளுக்கு முந்தைய பாட்டு. கம்பமும், ஈரப் புடவையும், மஞ்சள் தண்ணீருமாக நிற்கிற இந்த வரிசையைப் பார்க்கும்போது அந்தப் பாட்டு கண்முன் நடப்பதாகவே எனக்குத் தோன்றும்.

ஆனால் கொண்டி மகளிர் யார்? போரில் பகைவர் நாட்டிலிருந்து பிடித்துக்கொண்டு வரப்பட்ட பெண்கள் என்கிறது பழைய உரை. ஊரின் தெய்வத்துக்கு விளக்கு ஏற்றும் பெருமை, சொந்த ஊரை இழந்தவர்களுக்கு. ரோமாபுரியிலும் வெஸ்டா என்ற அடுப்புத் தெய்வத்தின் தீயைக் காக்க ஆறு கன்னியர் இருந்தார்கள். ஆறு வயதிலிருந்து பத்து வயதுக்குள் தேர்ந்தெடுத்து, முப்பது ஆண்டுகள் அந்தத் தீயோடு கட்டிவைத்தார்கள். அவர்களுக்கு ஊரில் பெரும் மரியாதை. தீ அணைந்துபோனால் காவலிருந்தவளுக்குக் கசையடி. பண்டைய உலகம் பெண்ணைத் தெய்வத்துக்கு மிக அருகில் நிற்க வைத்தது. அங்கே நிற்பதற்கான விலையையும் அவளிடமே வாங்கியது. இதைச் சொல்லாமல் ‘அந்தக் காலத்தில் பெண்களுக்கு எவ்வளவு உயர்ந்த இடம்’ என்று மேடையில் பேசுகிறவர்களை என்னால் ஏற்க முடிவதில்லை.

கைம்பெண் நிலையைச் சொல்லவே வேண்டாம். புறநானூற்று 246-ஆம் பாட்டு ஓர் அரசி பாடியது. பூதப்பாண்டியன் தேவி பெருங்கோப்பெண்டு. கணவன் சிதையில் ஏறப் போகிறாள். தடுக்கிற சான்றோர்களிடம் அவள் சொல்வது என்ன? நெய் தொடாத, கையால் பிழிந்தெடுத்த சோற்றுப் பிண்டம், எள் துவையல், புளி விட்டு வேகவைத்த வேளைக் கீரை, பாயில்லாமல் பரற்கல் மேல் படுக்கை. இப்படிக் கிடக்கிற பெண்களில் ஒருத்தியாக நான் இருக்க மாட்டேன் என்கிறாள். தாமரைப் பொய்கையும் தீயும் தனக்கு ஒன்றுதான் என்கிறாள். அந்தப் பாட்டைக் கற்பின் பெருமையாக மட்டுமே எனக்குச் சொல்லிக் கொடுத்தார்கள். அதிலிருக்கிற சாப்பாட்டுத் தட்டை நான் கவனித்தது, மாமா இறந்த பிறகு அத்தை வீட்டுக்குப் போய் அவரோடு சாப்பிட உட்கார்ந்த அன்றுதான்.

தூண் பக்கம் திரும்பிப் பார்த்தேன். அத்தைக்குப் பக்கத்தில் அவரைவிட மூத்த ஆயா ஒருவர் வந்து நின்றிருந்தார். எண்பதுக்கு மேல் இருக்கும். வெற்று நெற்றி, இடுப்பில் ஒரு குடம் நிறையத் தண்ணீர். “ஏன் தாயி இங்கே நிற்கிறாய்?” என்றார். அத்தை பதில் சொல்லவில்லை. ஆயாவுக்கே புரிந்துவிட்டது. கம்பத்தைக் கையால் காட்டினார். “திருவிழா முடிந்தால் இதைப் பிடுங்கித் தண்ணீரில் விட்டுவிடுவார்கள். அப்புறம் அவளும் நம்மைப் போலத்தான். அதற்காக அவளுக்கு மஞ்சள் பூசாமல் விட்டுவிடுகிறோமா? வா.”

சொல்லிவிட்டு அத்தையின் மணிக்கட்டைப் பிடித்து அழைத்துக்கொண்டு போனார். கூட்டம் வழிவிட்டது. சற்று முன் சுமங்கலிகளைக் கூப்பிட்ட அந்தப் பெண்ணே ஒதுங்கி இடம் கொடுத்தார். அத்தை முந்தானையை விலக்கினார். செம்பைச் சாய்க்கும்போது கை நடுங்கி, வேப்பிலைக் கொத்து முதலில் விழுந்தது, பிறகு தண்ணீர். மெல்லிய ஒரு கோடாக அது கம்பத்தில் இறங்கியது. நான்கைந்து நொடிகள்தான். செம்பு காலியாகிவிட்டது.

அந்த நேரத்தில் வரிசையில் ஒரு பெண்ணுக்கு அருள் வந்தது. கூந்தல் அவிழ, பற்களைக் கடித்துக்கொண்டு ஏதோ சொன்னாள். சுற்றி நின்றவர்கள் கைகூப்பிக் குறி கேட்டார்கள். சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரி இப்படித்தான் தொடங்குகிறது. எயினர் என்ற வேட்டுவர் ஊரில் சாலினி என்ற பெண்மேல் தெய்வம் ஏறுகிறது. கொற்றவைக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுங்கள் என்று அவள் ஆண்களை அதட்டுகிறாள். வழிப்போக்கர்களாக வந்து களைத்து உட்கார்ந்திருக்கிற கண்ணகியைப் பார்த்து, ‘கொங்கச் செல்வி, குடமலையாட்டி, தென்தமிழ்ப் பாவை, செய்தவக் கொழுந்து’ என்கிறாள். கண்ணகி வெட்கப்பட்டு, இந்த மூதாட்டி ஏதோ உளறுகிறாள் என்று சொல்லிக் கணவனின் முதுகுக்குப் பின்னால் ஒடுங்கிக்கொள்கிறாள். அப்படி ஒளிந்துகொண்டவள்தான் கணவனை இழந்த பிறகு தெய்வமாகிறாள். அவளுக்கு இமயத்திலிருந்து கல் கொண்டுவந்து சேரன் செங்குட்டுவன் கோவில் எடுக்கிறான். கைம்பெண்ணைத் தெய்வமாக வைத்துக் கும்பிட்ட மண் இது. கொங்கச் செல்வி என்று அவளை முதலில் அடையாளம் கண்டு சொன்னதும் இன்னொரு பெண்தான்.

மதியத்துக்குள் சுகவனேசுவரர் கோவிலுக்குப் போனோம். சுகம் என்றால் கிளி. சுகப்பிரம்ம ரிஷி கிளி உருவில் பூசித்த தலம் என்பது தலபுராணம். அம்பாள் சொர்ணாம்பிகை. எங்களுக்கு அங்கே வேலை அவ்வையிடம். அவ்வை தன் வளர்ப்பு மகளுக்கு மூவேந்தர் முன்னிலையில் இந்தக் கோவிலில் திருமணம் நடத்திவைத்தார் என்று சேலத்தில் வழிவழியாகச் சொல்வார்கள். அத்தையிடம் அதைச் சொன்னேன். “அவரே முன்னால் நின்றா?” என்று கேட்டார். “அவரேதான். ராஜாக்கள் பக்கத்தில் நின்றார்கள்.” அத்தை வெகுநேரம் கொடிமரத்தடியில் உட்கார்ந்திருந்தார்.

கோலூன்றிய கிழவியாகவே அவ்வையைப் படங்களில் பார்த்துப் பழகிவிட்டோம். அந்தப் பெயரில் பல காலத்தில் பலர் வாழ்ந்தார்கள். சங்க காலத்து அவ்வை மை தீட்டிய கண்ணும் ஒளியான நெற்றியும் கொண்ட விறலி. புறநானூற்று 89-ஆம் பாட்டில் பகை மன்னனே அவரை அப்படித்தான் விளிக்கிறான். அவர் பாடியவையாக 59 பாடல்கள் கிடைத்திருக்கின்றன. இங்கிருந்து வடக்கே இருக்கும் தகடூர், அதாவது இன்றைய தருமபுரி, அவருடைய நண்பன் அதியமானின் ஊர். அவனுக்காகத் தொண்டைமானிடம் தூது போய், ‘உன் ஆயுதங்கள் நெய் பூசி, பீலி சூட்டி அழகாக இருக்கின்றன, எங்கள் அரசனுடைய வேல்கள் நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன’ என்று சொல்லிவிட்டு வந்தவர். சுமேரியாவில் ‘ஊர்’ என்றே பெயர் கொண்ட நகரில், நான்காயிரம் ஆண்டுகளுக்கு முன்பே, சார்கோன் மன்னனின் மகள் என்ஹெதுவன்னா சந்திரன் கோவிலின் தலைமைப் பூசாரியாக இருந்து துதிகள் பாடினாள். உலகத்தில் பெயர் தெரிந்த முதல் புலவர் அவள். கோவிலிலும் சொல்லிலும் பெண்ணின் குரல் இடையில் வந்து சேர்ந்தது இல்லை, தொடக்கத்திலேயே இருந்தது.

மறுநாள் ஏற்காடு. இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் அத்தை கண்ணை மூடிக்கொண்டே கடந்தார். மேலே பனிமூட்டம், காப்பித் தோட்டம், சில்வர் ஓக் மரங்களில் ஏறிய மிளகுக் கொடி. அங்கிருந்து ஆட்டோவில் சேர்வராயன் கோவிலுக்கு. 5,300 அடிக்கு மேல், மொட்டையான ஒரு மலைத்தலையில், குகைக்குள் இருக்கிறார் சேர்வராயர். அருகிலேயே காவேரியம்மன். மே மாதத்தில் மலையாளி என்ற மலைவாழ் பழங்குடி மக்கள் இங்கே திருவிழா எடுப்பார்கள். காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பிகளில் மூத்தவர் இந்த மலையிலும் மற்றவர்கள் கொல்லிமலையிலும் பச்சைமலையிலும் தங்கினார்கள் என்பது அவர்கள் சொல்லும் வரலாறு. குகை போய்க் காவிரியில் முடிகிறது என்றும் நம்புகிறார்கள்.

குனிந்துதான் உள்ளே போக வேண்டும். யாராக இருந்தாலும் தலை தாழ்த்தியே ஆக வேண்டும். உள்ளே குளிர் எலும்பைத் தொடுகிறது. கூரைப் பாறையிலிருந்து ஒரு சொட்டு என் பிடரியில் விழுந்தது. விளக்கு வெளிச்சத்தில் முதலில் அம்மனின் மஞ்சள் முகம்தான் தெரிந்தது. பூசாரி தட்டை நீட்டினார். திருநீறு, குங்குமம் இரண்டும் இருந்தன. பத்தொன்பது ஆண்டுகளாக அத்தை திருநீற்றை மட்டுமே எடுப்பார். அன்று அவர் விரல் தட்டின் மேல் சற்று நின்றது. பிறகு குங்குமத்தையும் எடுத்து, நெற்றியில் வைக்காமல், ஒரு காகிதத் துண்டில் மடித்து இடுப்பில் செருகிக்கொண்டார். நான் எதுவும் கேட்கவில்லை.

வெளியே கொய்யாவும் மிளகும் விற்றுக்கொண்டிருந்த மலையாளிப் பாட்டியிடம் அத்தை பேச்சுக் கொடுத்தார். பாட்டியின் முதல் கணவர் சின்ன வயதிலேயே இறந்துவிட்டாராம். ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசி, இரண்டாவது கல்யாணம் செய்துவைத்தார்களாம். பரியப் பணம் மாப்பிள்ளை வீட்டார்தான் கொடுத்தார்களாம். “எங்களில் அது வழக்கம்தான்” என்றார் பாட்டி, மிளகைப் படியில் தட்டி அளந்துகொண்டே. கைம்பெண் மறுமணம் அந்த மக்களிடம் நெடுங்காலமாக இருந்து வருவது. அத்தை கால் படி மிளகு வாங்கினார். அவருக்கு அவ்வளவு மிளகு தேவையில்லை.

இறங்கும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தவர், பாதி மலை வந்த பிறகு, பையிலிருந்து அந்தச் சின்னச் செம்பை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அடியில் மஞ்சள் படிந்திருந்தது. கட்டைவிரலால் அதைத் தேய்த்துக்கொண்டே சொன்னார்:

“அடுத்த ஆடிக்குக் குடமாக எடுத்துக்கொள்ளலாம் கண்ணு. இதில் ஊற்றினால் ஊற்றின மாதிரியே இல்லை.”